செருப்பு இல்லையென்றால் ஆளும் இல்லையாம்

முதலிலேயே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். எனக்குக் கோவையாக எழுத வராது. நான்காம் வகுப்பில் இருந்தபோது எங்கள் தமிழ்ப் பள்ளிக்கூடத்தை மூடிவிட்டார்கள். அதோடு என் படிப்பும் மூடிக்கொண்டது. இப்போது மறதியும் சேர்ந்துகொண்டது. அடுப்பில் பால் வைத்தால், பொங்கி வழிந்து தீய்ந்த வாசனை வந்தபிறகுதான் நினைவு வருகிறது. ஆனால் நான் சொல்லப்போகும் இந்த ஒரு நாள் மட்டும் மறக்கவில்லை. கோபம் உள்ளே இருந்தால் ஞாபகமும் அதைப் பிடித்துக்கொண்டு நிற்கும் போலிருக்கிறது.

கோயில் ஆண்டு மலருக்கு ஏதாவது நினைவுகளை எழுதித் தாருங்கள் என்று வந்து கேட்டார்கள். தீமிதி, காவடி, அந்தக் காலத்துத் திருவிழா, இதையெல்லாம் எழுதுவேன் என்று நினைத்திருப்பார்கள். அதை மற்றவர்கள் எழுதட்டும். நான் எழுத வந்தது என் சம்பந்தியம்மாவைப் பற்றி. என் மகளைக் கட்டியவருடைய தாயார் அவர். குகை பார்க்கப் போன டூரில் அவர் வழிதவறிக் காணாமல் போனார் என்று ரங்கூனில் அலோனிலிருந்து போட்டாதாங் வரைக்கும் பேசுகிறார்கள். அவர் வழிதவறவில்லை. உட்காரச் சொன்ன இடத்தில் உட்கார்ந்திருந்தார். அவ்வளவுதான். ஆனால் அந்தப் பேச்சினால் இன்றைக்கு அவர் வீட்டுப் படி இறங்க முடியாமல் மாடியில் அடைந்து கிடக்கிறார்.

அவரைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். போட்டாதாங் படகுத்துறை வாசலில் வெகுகாலம் வெற்றிலை மடித்து விற்றவர். குன்யா என்று பர்மாக்காரர்கள் சொல்கிற அந்த வெற்றிலைச் சுருளை அவர் மடித்துக் கொடுத்தால் மூட்டை தூக்குகிறவர்கள் வேறு கடைக்குப் போக மாட்டார்கள். கப்பல் சங்கு ஊதி ஊதி இடது காது மந்தமாகிவிட்டது என்பார். அதனால் பக்கத்தில் இருப்பவரிடமும் அக்கரையில் இருப்பவரிடம் பேசுவதுபோலத்தான் பேசுவார். கடையை விட்ட பிறகும் காலையில் துறைக்குப் போய், பழைய பெஞ்சில் உட்கார்ந்து தேநீர் குடித்து, வருகிற போகிறவர்களைத் திட்டிவிட்டு வந்தால்தான் அவருக்குச் சாப்பாடு இறங்கும்.

நான் அதற்கு நேர்மாறு. கடையில் சில்லறை குறைந்தால்கூடக் கேட்க மாட்டேன். எங்கள் வழக்கத்தில் மாமியார் மாப்பிள்ளைக்கு முன்னால் நின்று பேசுவதில்லை. இந்தக் காலத்தில் யாரம்மா அதையெல்லாம் பார்க்கிறார்கள் என்று என் மகள் சிரிப்பாள். எனக்கு வராது. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் மாப்பிள்ளையிடம் நேருக்கு நேர் ஒரு வார்த்தை பேசியதில்லை. அவர் கூடத்தில் இருந்தால் நான் சமையலறையில் இருப்பேன். எதுவானாலும் மகள் வழியாகத்தான் போகும், மகள் வழியாகத்தான் வரும். இதை எதற்குச் சொல்கிறேன் என்று பின்னால் தெரியும்.

மாப்பிள்ளை நல்ல மனிதர். ஷ்வேப்யிதாவில் ஒரு தையல் தொழிற்சாலையில் மேற்பார்வை செய்கிறார். விடியுமுன் போய் இருட்டிய பிறகு வருகிற வேலை. இரண்டு அம்மாக்களும் எங்கேயும் போனதில்லையே என்று அவராகத்தான் இந்த டூருக்கு ஏற்பாடு செய்தார். காலையில் எரிமலைக் குகை, மதியம் கடல் குகை, ஒரே நாளில் பார்த்துவிட்டுத் திரும்பலாம் என்று போனில் படத்தோடு விளம்பரம் வந்திருந்தது. படத்தில் தண்ணீர் நீலமாக இருந்தது. எனக்கு அதைப் பார்த்ததுமே பயம். சம்பந்தியம்மா மட்டும், "போவோம் சம்பந்தி, சாவறதுக்குள்ள ஒரு பொந்தையாவது பாத்துட்டு வருவோம்" என்றார்.

விடியாத நேரத்தில் பஸ் கிளம்பியது. ஆற்றுப் பாலம் தாண்டி, பசீன் சாலையில் மேற்குக் கடற்கரைப் பக்கமாகப் போனோம். பஸ்ஸில் பெரும்பாலும் நம் கோயிலுக்கு வருகிற ஜனங்கள்தான். கைடாக வந்தவனும் நம் பையன்தான். பையன் என்கிறேன், முப்பது வயதுக்கு மேலிருக்கும். கறுப்புக் கண்ணாடியைத் தலையில் ஏற்றிக்கொண்டு, மைக்கைக் கையிலிருந்து இறக்காமல் பர்மா மொழியிலேயே பேசினான். தமிழ் நன்றாகத் தெரியும். யாராவது தமிழில் கேட்டால் கொஞ்சம் வெட்கப்பட்டுக்கொண்டு பதில் சொல்வான். எதற்கெடுத்தாலும் 'யாபாதே' என்பான். பரவாயில்லை என்று அர்த்தம். குடிக்கத் தண்ணீர் வரவில்லை என்றால் யாபாதே. ஏசியிலிருந்து தலையில் சொட்டுகிறது என்றால் யாபாதே. யாருக்குப் பரவாயில்லை என்று மட்டும் சொல்ல மாட்டான்.

கிராமங்கள் தாண்டி மலைப்பாதை தொடங்கியதும் அவன் எழுந்து நின்று ஒரு சட்டம் சொன்னான். அதைத் தமிழிலும் சொன்னான், வயதானவர்களுக்குப் புரிய வேண்டும் என்று.

"எல்லாரும் கேளுங்க. ரெண்டு குகையிலயும் உள்ள ஃபயா, புத்தர் சாமி இருக்கு. செருப்பக் குகை வாசல்ல விட்டுட்டுத்தான் போகணும். உள்ள இருட்டு, தலைய எண்ண முடியாது. அதனால நான் செருப்பத்தான் எண்ணுவேன். வாசல்ல ஒரு செருப்புகூட மிச்சமில்லன்னா எல்லாரும் வெளிய வந்தாச்சுன்னு அர்த்தம். எப்படி நம்ம ஐடியா?"

பஸ்ஸே கைதட்டியது. என்ன மூளை, என்ன மூளை என்று முன்சீட்டில் மூக்குக்கண்ணாடி போட்ட ஓர் அம்மா மெச்சினார்.

முதல் குகை ஒரு சின்னக் குன்றின் வயிற்றில் இருந்தது. பாறை முழுக்கக் கறுப்பு. தீய்ந்த ஆப்பம் மாதிரி ஓட்டை ஓட்டையாக இருந்தது. ஒரு காலத்தில் மலைக்குள்ளிருந்து நெருப்புக் குழம்பு ஓடி, ஓடிய வழி பொந்தாக நின்றுவிட்டது என்றான் கைடு. வாசலில் எல்லோரும் செருப்பைக் கழற்றினோம். சம்பந்தியம்மா கழற்றி, தூசி தட்டி, இடுப்பில் செருகியிருந்த பிளாஸ்டிக் பையை உதறி அதற்குள் போட்டுக் கையில் தொங்கவிட்டுக்கொண்டார். கைடு அதைப் பார்த்தான்.

"என்னம்மா, பையில கட்டுச்சோறா?"

"செருப்புடா. மண்டலே வெல்வெட்டு. மருமக வாங்கிக் குடுத்தது. பெரிய ஃபயா கோயில் வாசல்ல ஒரு ஜோடிய விட்டேன், திரும்பி வர்றதுக்குள்ள யாரோ போட்டுக்கிட்டுப் போயிட்டான். ஊர்ல இருக்கிற காலுக்கெல்லாம் செருப்பு குடுக்க நான் என்ன தர்மசத்திரமா வச்சிருக்கேன்?"

"சாமி கும்பிட வந்தவங்க செருப்ப யாரும் எடுக்க மாட்டாங்கம்மா."

"எடுத்தவனும் சாமி கும்பிட வந்தவன்தான்டா."

எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். சரி சரி என்று பையைத் தட்டிக்கொடுத்தான். படிக்கிறவர்கள் இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அவன் கண்ணால் பார்த்தான், கையால் தொட்டான், வாயால் சிரித்தான். அவனுக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது.

உள்ளே பாறை காலைக் குத்தியது. கைடு விளக்கடித்துச் சுவரைக் காட்டி, "எவ்வளவு சூடு இருந்திருந்தா இப்படிக் கறுத்திருக்கும் பாருங்க" என்றான். சம்பந்தியம்மா என் காதில் சொல்வதாக நினைத்துக்கொண்டு குகை முழுக்கக் கேட்கச் சொன்னார்: "இதுக்கா இம்புட்டுத் தூரம்? எம் மருமக தோசைக்கல்லக் காட்டியிருந்தா வீட்டுலயே பாத்திருப்பேனே."

மருமகள் என்றால் என் பெண். நான் அவருடைய நல்ல காதுப் பக்கமாகப் போய், "கல்லு கறுப்பா இருந்தா என்ன, தோசை வெள்ளையாத்தானே வருது? ராத்திரி மூணாவதும் கேட்டு வாங்கினீங்களே" என்றேன். கையிலிருந்த பை குலுங்கக் குலுங்கச் சிரித்தார். "வாயில்லாப் பூச்சின்னு நெனச்சேன், கடிக்கிறியே சம்பந்தி" என்றார். நாங்கள் இருவரும் அப்படித்தான். கல்யாணத்தில் சீர் விஷயமாக முறைத்துக்கொண்டவர்கள். வயதாக வயதாக அந்த முறைப்பே உறவாகிவிட்டது.

வெளியே வந்ததும் கைடு வாசலைப் பார்த்து, "செருப்பு இல்ல. எல்லாரும் வந்தாச்சு" என்றான். எல்லோரும் வந்துதான் இருந்தோம். அதனால் அவன் சட்டம் சரியான சட்டமாகிவிட்டது.

சவுக்குத் தோப்பில் மீனும் சோறும் சாப்பிட்டோம். கடல் வற்றி எங்கேயோ தூரத்தில் கிடந்தது. ஈர மணலில் நடந்து கடல் குகைக்குப் போனோம். அதன் வாசல் பெரியது, வாயைத் திறந்து கொட்டாவி விடுவதுபோல. வாசல் பாறையில் பாசி பிடித்த கோடு என் தலைக்கு மேலே இருந்தது. தண்ணீர் ஏறினால் அதுவரைக்கும் வரும் என்று அந்தக் கோடே சொல்லியது. கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. கைடுக்குத் தெரியாததா நமக்குத் தெரியப்போகிறது என்று இருந்துவிட்டேன்.

உள்ளே கொஞ்சதூரம் போனால் ஒரு மர ஏணி. ஏணிக்கு மேலே புத்தர் சிலை. ஏணிக் காலில் ஒரு பலகை: பெண்கள் ஏறக் கூடாது. ஆண்கள் ஏறினார்கள். பீடி நாற்றத்தோடு, மதியம் குடித்த பீர் நாற்றத்தோடு ஏறினார்கள். நாங்கள் கீழே நின்று கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்தோம். அந்த நேரத்தில் வந்த கோபத்தை அங்கேயே விழுங்கிவிட்டேன். அது பெரிய கதை, இங்கே வேண்டாம்.

சம்பந்தியம்மாவுக்கு முட்டி வலி. ஏணிக்குப் பக்கத்தில், தொங்குகிற பாறைக்குப் பின்னால் ஒரு மாடம் மாதிரி இடம் இருந்தது. கைடுதான் அவர் கையைப் பிடித்துக் கூட்டிப்போய் அங்கே உட்கார வைத்தான். நான் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். அவன் சொன்ன வார்த்தை இது: "அம்மா, நீங்க இங்கயே உக்காந்திருங்க. பாறை வழுக்கும். நான் வந்து கூட்டிட்டுப் போறேன். நான் வர்றவரைக்கும் அசையக் கூடாது, சரியா?"

"சரிடா, போ. பிள்ளை குட்டி பெத்து நல்லா இருப்ப" என்றார் இவர்.

என்னையும் மற்றப் பெண்களையும் அவன் இன்னொரு பக்கம் அழைத்துப்போனான். அங்கே பாறையில் ஒரு சாளரம் போலத் திறந்து, அது வழியாகக் கடல் தெரிந்தது. படம் எடுத்தார்கள். நண்டு பார்த்தார்கள். திடீரென்று விசில் ஊதினான். "தண்ணி திரும்புது, எல்லாரும் கிளம்புங்க, சீக்கிரம், சீக்கிரம்" என்று மாட்டை ஓட்டுவதுபோல ஓட்டினான். சம்பந்தியம்மாவைக் கூட்டிவருகிறேன் என்று சொன்னவன் அவன்தானே. முன்னாலேயே கூட்டிப்போயிருப்பான் என்று நினைத்து நானும் கூட்டத்தோடு வெளியே வந்தேன். வாசலில் அவரவர் செருப்பை மாட்டிக்கொண்டு மணலில் ஓடினார்கள். நானும் மாட்டிக்கொண்டேன். பின்னால் கைடின் குரல் கேட்டது: "செருப்பு இல்ல. எல்லாரும் வந்தாச்சு."

பஸ்ஸில் என் பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. பின்னால் போய்ப் பார்த்தேன். இல்லை. முன்னால் வந்து கைடிடம் சொன்னேன். "தம்பி, எங்க சம்பந்தியக் காணோம்."

"வந்திருப்பாங்கம்மா. பின்னால பாருங்க."

"பாத்துட்டேன். இல்ல. நீ உக்கார வச்ச எடத்துலயே இருக்காங்க."

"அங்க யாருமில்லம்மா. நானே பாத்தேனே, ஒரு செருப்பு இல்ல வாசல்ல."

"அவங்க செருப்ப வாசல்ல விடல தம்பி. பையில..."

அதற்குள் டிரைவர், "நேரமாவுது, கேட் சாத்திட்டா ரோட்டுலதான் படுக்கணும்" என்று சத்தம் போட்டார். சாலையில் சோதனைச் சாவடி இருட்டுவதற்குள் மூடிவிடும் என்று எல்லோருக்குமே பயம் இருந்தது. மூக்குக்கண்ணாடி அம்மா, "கக்கூஸ் பக்கம் போயிருப்பாங்க, இதோ வந்துடுவாங்க" என்றார். யாரோ கரோக்கே போட்டார்கள். என் குரல் அதோடு முடிந்தது. சம்பந்தியம்மா கக்கூஸ் போயிருந்தால் திரும்பி வருவதற்காவது நிற்க வேண்டாமா? பஸ் நகர்ந்தது.

எனக்கு என்ன வந்ததோ தெரியாது. கதவைக் கையால் அறைந்தேன். "நிறுத்துடா!" என்று கத்தினேன். யாரையும் டா போட்டு அதுவரை பேசியதில்லை. டிரைவர் பிரேக் போட்டதில் மைக் கீழே விழுந்தது. நான் இறங்கி நடந்தேன். ஓடினேன் என்று எழுத ஆசைதான், ஆனால் இந்தக் காலுக்கு நடைதான் ஓட்டம்.

வாசலில் தண்ணீர் வந்துவிட்டது. கணுக்காலுக்கு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. கைடு பின்னாலேயே ஓடிவந்தான். "அம்மா, உள்ள போகாதீங்க, தண்ணி ஏறுது. சொன்னா கேளுங்க. உள்ள யாரும் இல்ல. நீங்களே பாருங்க, ஒரு செருப்பு இருக்கா இங்க?"

நான் என் செருப்பைக் கழற்றினேன். அவன் காலுக்கு முன்னால், ஒரு பாறை மேல் வைத்தேன்.

"இந்தா. இப்ப இருக்கு. எண்ணிக்க."

சொல்லிவிட்டு உள்ளே போனேன். திரும்பிப் பார்த்தபோது அவன் குனிந்து தன் பூட்ஸ் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தான். ஃபயா இருக்கிற குகைக்குள் செருப்புக் காலோடு வரக் கூடாதல்லவா. உயிர் உள்ளே இருக்கிறது, இவன் முடிச்சு அவிழ்க்கிறான்.

"சம்பந்தி! சம்பந்தி!" என்று கூப்பிட்டேன். என் குரலே சுவரில் பட்டுத் திரும்பி என்னைக் கூப்பிட்டது. ஏணியைத் தடவிப் பிடித்து, தொங்கும் பாறையைச் சுற்றிப் போனேன். அவர் அங்கேயே இருந்தார். காலை மேலே தூக்கி மாடத்தில் வைத்துக்கொண்டு, செருப்புப் பையை மடியில் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார். கீழே தண்ணீர்.

"எங்க அந்தப் பய? வந்து கூட்டிட்டுப் போறேன்னான்."

"பஸ்ஸு கிளம்பிடுச்சு சம்பந்தி. எந்திரிங்க."

"கிளம்பிடுச்சா? அப்ப இங்க பேசிக்கிட்டிருந்தது யாரு? ஆளுங்க பேச்சு சத்தம் கேட்டுக்கிட்டேதான இருந்துச்சு. எல்லாரும் மேல இருக்கீங்கன்னுல்ல நெனச்சேன்."

யாரும் பேசவில்லை. அது கடல். பாறைக்குள் நுழைந்து நுழைந்து வெளியேறுகிற தண்ணீரின் சத்தம். மந்தக் காதுக்கு அது மனிதர்கள் பேசுவதுபோலக் கேட்டிருக்கிறது. மனிதர்கள் பக்கத்தில் இருக்கிறார்கள் என்ற நம்பிக்கையில் அவர் இருட்டில் உட்கார்ந்திருந்தார். இதை நினைக்கும்போதுதான் எனக்கு இன்றைக்கும் நெஞ்சு எரிகிறது.

"வாசல்ல செருப்பு இல்லையாம். அதனால உள்ள ஆளும் இல்லையாம்" என்றேன்.

அவர் மடியிலிருந்த பையைப் பார்த்தார். "அடப்பாவி. இவனுக்கு மனுசி வேணாம், செருப்பு இருந்தா போதும்" என்று சிரித்தார். சிரித்தார்தான். ஆனால் நான் நீட்டிய கையை இரண்டு கையாலும் இறுகப் பிடித்துக்கொண்டார்.

கைடு போன் வெளிச்சத்தோடு வந்தான். "யாபாதே அம்மா, யாபாதே." நான் அவனைப் பார்த்த பார்வையில் அதற்குமேல் சொல்லவில்லை. ஆளுக்கொரு பக்கம் பிடித்துக் கூட்டிவந்தோம். வாசலில் தண்ணீர் முழங்காலுக்கு மேலே ஏறியிருந்தது. பாறை மேல் வைத்த என் செருப்பு கடலோடு போய்விட்டது. சம்பந்தியம்மாவின் வெல்வெட் செருப்பு மட்டும் பைக்குள் நனையாமல் இருந்தது. "நான் சொல்லல? வாசல்ல விட்டா போயிடும்" என்றார். அந்த நேரத்திலும் அவருக்கு அதுதான்.

கரையில் பஸ்ஸில் வந்தவர்கள் நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஒருவர்கூட ஈரமாகவில்லை. நாங்கள் ஏறியதும் கை தட்டினார்கள். எதற்குத் தட்டினார்கள் என்று இன்னும் தெரியவில்லை. கைடு மைக்கை எடுத்தான்.

"நம்ம அம்மா இருட்டுல கொஞ்சம் வழி மாறிட்டாங்க. வயசாச்சுல்ல. கண்டுபிடிச்சுக் கூட்டிட்டு வந்துட்டோம். யாபாதே!"

"வழி மாறல. நீதான் அசையாதன்னு உக்கார வச்ச" என்றேன். எழுந்து நின்றுதான் சொன்னேன். அதற்குள் பாட்டு ஆரம்பித்துவிட்டது. அவனுக்குக் கேட்டது, எனக்குத் தெரியும். கண்ணாடியைத் தலையிலிருந்து கண்ணுக்கு இறக்கிக்கொண்டான். அவன் சொன்னது சம்பந்தியம்மாவுக்குக் கேட்கவில்லை. அந்த மந்தக் காது இருக்கிற பக்கம்தானே ஒலிபெருக்கி. அவர் பாட்டுக்குக் கால் பிசைந்துகொண்டிருந்தார்.

நாங்கள் ரங்கூன் வந்துசேர்வதற்கு முன்னாலேயே செய்தி வந்துசேர்ந்துவிட்டது. நாங்கள் இருவரும் தண்ணீரில் கைபிடித்து வருகிற படத்தைப் போட்டு, குகையில் வழிதவறிக் காணாமல் போன பாட்டியம்மா மீட்கப்பட்டார், மீட்டவர் எங்கள் கைடு என்று யாரோ போனில் பரப்பியிருந்தார்கள். என் முகம் பாதிதான் தெரிந்தது. பஸ் நின்ற இடத்தில் மாப்பிள்ளை நின்றிருந்தார். முகத்தில் ரத்தமே இல்லை. அம்மாவைக் குழந்தை மாதிரி தூக்கி இறக்கினார். அவரை நான் குறை சொல்லவில்லை. பயந்துபோனவரைக் குறை சொல்ல முடியாது.

ஆனால் மறுநாளிலிருந்து சம்பந்தியம்மா கழுத்தில் போன் நம்பர் எழுதிய அட்டை. படகுத்துறைக்குப் போகக் கூடாது. கோயிலுக்கென்றாலும் என் மகள் வந்தபிறகுதான். டாக்டரிடம் காட்டி மறதிக்கு மாத்திரை வாங்கலாமா என்ற பேச்சு வேறு.

நான் அவர்கள் வீட்டுக்குப் போனேன். மாப்பிள்ளை கூடத்தில் இருந்தார். நான் சமையலறைக் கதவுக்குப் பின்னால் நின்று என் மகளிடம் நடந்ததையெல்லாம் சொன்னேன். அவள் கூடத்துக்குப் போய்ப் பர்மா மொழியில் சொன்னாள். இரண்டுக்கும் நடுவில் ஒரு சுவர்தான்.

"அத்தைகிட்ட சொல்லு," என்று அவர் சொன்னது எனக்கே நேராகக் கேட்டது. "அத்தை எங்கம்மாவ விட்டுக் குடுக்க மாட்டாங்க. நல்ல மனசு. அதுக்காக நடந்தத மறைக்கக் கூடாது. ஒரு பஸ் ஆளுங்க சொல்றாங்க, அம்மா வழி தப்பிப் போயிட்டாங்கன்னு. பஸ் முழுக்கவா பொய் சொல்லும்?"

சொல்லுமே. பஸ் முழுக்கப் பொய் சொல்லும். சொல்லாமல் இருந்தே பொய் சொல்லும். நான் கதவைத் தாண்டிப் போய் அவர் முன்னால் நின்று சொல்லியிருக்க வேண்டும் என்று படிக்கிறவர்கள் நினைக்கலாம். பஸ் கதவை அறைந்த கைதான். ஆனால் இந்தக் கதவைத் தாண்ட இந்தக் காலுக்கு வரவில்லை. வழக்கம் என்பது அப்படித்தான் இருக்கிறது.

உள்ளேயிருந்து சம்பந்தியம்மா கத்தினார்: "டேய், நான் எந்தப் பக்கமும் போகல. அவன் அசையாதன்னான், அசையல. இப்ப நீ அசையாதங்கிற. ரெண்டு பேருக்கும் என்னடா வித்தியாசம்?"

மாப்பிள்ளை எழுந்து உள்ளே போனார். அட்டையைச் சரியாகத் திருப்பி மாட்டிவிட்டார்.

இப்போது அவர் நான்காவது மாடியில் பால்கனியில் உட்கார்ந்திருக்கிறார். எங்கள் ஊர் மாடி வீடுகளில் தெருவுக்குக் கயிறு தொங்கவிட்டிருப்போம், கீழே விற்கிறவர்கள் அதில் பையை மாட்டினால் மேலே இழுத்துக்கொள்ளலாம். அந்தக் கயிற்றில்தான் அவருக்கு இப்போது வெற்றிலை வருகிறது. படகுத்துறைக்காரர்கள் யாராவது அந்தத் தெருவில் போனால் நின்று அண்ணாந்து பார்க்கிறார்கள். இவர் மேலிருந்து திட்டுகிறார். போன வாரம் நான் போனபோது அந்த வெல்வெட் செருப்பைத் துடைத்து மறுபடியும் பெட்டிக்குள் வைத்துக்கொண்டிருந்தார். "மாடியில நடக்க எதுக்குச் சம்பந்தி வெல்வெட்டு?" என்றார். அன்றைக்கு அவர் சத்தமில்லாமல் பேசினார். அவர் சத்தமில்லாமல் பேசி நான் கேட்டதில்லை.

அதனால்தான் எழுதினேன். நான் எழுதியதில் தப்பு இருக்கும். அந்தக் கறுப்புக் குன்று உண்மையில் எரிமலைதானா என்று தெரியாது. கைடு சொன்னான், நான் எழுதினேன். பெண்கள் ஏறக் கூடாது என்ற பலகை ஏணிக்கு வலதா இடதா, முதலில் ஊதியது விசிலா ஹாரனா, எந்த மாதம், இதெல்லாம் மலர் போடுகிறவர்கள் தெரிந்தவர்களிடம் கேட்டுத் திருத்திக்கொள்ளுங்கள். எழுத்துப் பிழைகளையும் பாருங்கள். சம்பந்தியம்மா எந்த இடத்தில் உட்கார்ந்திருந்தார், யார் உட்கார வைத்தது என்பதில் மட்டும் கை வைக்காதீர்கள். அதைச் சரிபார்க்க வேண்டுமென்றால் அந்த பஸ்ஸில் வந்தவர்களிடம் கேளுங்கள். பாதிப்பேர் வெள்ளிக்கிழமை கோயிலுக்கு வருகிறவர்கள்தான். முன்சீட்டு மூக்குக்கண்ணாடி அம்மாவுக்கு எல்லாம் தெரியும்.

இன்னொன்றும் கேட்டுக்கொள்கிறேன். என் மாப்பிள்ளைக்குத் தமிழ் பேசினால் புரியும், படிக்க வராது. சரிபார்த்த பிறகு யாராவது இதைப் பர்மா மொழியில் அவருக்குப் படித்துக் காட்டுங்கள். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொள்கிறேன்.